காலிப் பீடங்களைக் காட்டத் தெரிந்தவர்

கம்போடியாவின் சியெம் ரீப் போகிறவர்களில் பெரும்பாலோர் அங்கோர் வாட், பாயோன், தா பிரோம் மூன்றையும் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். கூடுதலாக ஒரு நாள் கையில் இருந்தால் கோ கேருக்குப் போய்வாருங்கள் என்று கேட்கிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறேன். வடகிழக்கே சுமார் 120 கிலோமீட்டர். அதோடு இன்னொன்றும் சொல்கிறேன்: தனிக் காரும் தனி வழிகாட்டியும் வைத்துக்கொண்டு போங்கள். வேனில் கூட்டத்தோடு போனால் அங்குள்ள பிரமிடு முன்னால் நின்று படமெடுத்துக்கொண்டு அடுத்த இடத்துக்கு ஓடவேண்டியதுதான். கோ கேரில் பார்க்க வேண்டியவற்றில் பாதி இப்போது அங்கே இல்லை. எங்கே எது இருந்தது என்று நிறுத்தி நிதானமாகச் சொல்ல ஒரு ஆள் வேண்டும்.

928 முதல் 944 வரை கெமர் அரசின் தலைநகர் இதுதான். நான்காம் ஜெயவர்மன் அங்கோரை விட்டு இங்கே வந்து ஆண்டான். அவனுக்குப் பின் அவன் மகன் சில காலம். பிறகு ராஜேந்திரவர்மன் தலைநகரைத் திரும்ப அங்கோருக்கே கொண்டுபோய்விட்டான். பதினாறு ஆண்டுகள் மட்டும் தலைநகராக இருந்த ஊரில் இத்தனை கோயில்களும், ஒரு கிலோமீட்டருக்கும் மேல் நீளமான ரஹால் ஏரியும், ஏழு அடுக்குப் பிரமிடும் எப்படி எழுந்தன என்பதை நினைக்க நினைக்க வியப்பு கூடுகிறது. கல்வெட்டுகளில் இதன் பெயர் லிங்கபுரம் என்றும் சோக் கர்க்யார் என்றும் வருகிறது. 2023 செப்டம்பரில் யுனெஸ்கோ இதை உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது.

பயணத்தைத் திட்டமிடும்போதே ஒன்றை மாற்றிக்கொள்ளுங்கள். நேரே சியெம் ரீப்புக்கு விமானம் ஏறாமல் முதலில் நோம் பென்னில் இறங்கி, அரண்மனைக்குப் பக்கத்தில் இருக்கும் தேசிய அருங்காட்சியகத்தில் அரை நாள் செலவழியுங்கள். செந்நிறக் கட்டடம்; 1920இல் திறந்தது. கோ கேரின் பெரிய கருடன், கட்டிப் புரண்டு மல்லுக்கட்டும் வாலியும் சுக்ரீவனும் எல்லாம் அங்கேதான். பொதுவாகக் கெமர்ச் சிற்பங்கள் அசையாமல் நேராக நிற்கும். கோ கேர்ச் சிற்பிகளின் கல்லோ குதிக்கிறது, முறுக்குகிறது, அடிக்கப் பாய்கிறது. அதைக் கண்ணால் பார்த்துவிட்டுப் போனால்தான் காட்டுக்குள் வெறும் சுவர்களின் நடுவே நிற்கும்போது அங்கே என்ன இருந்தது என்று மனதில் எழும். நான் அந்த வரிசையில்தான் போனேன். யார் கேட்டாலும் அதையே சொல்வேன்.

வழிகாட்டியைத் தேர்ந்தெடுப்பதில்தான் நாளின் பாதி வெற்றி இருக்கிறது. கம்போடியாவில் வழிகாட்டிகள் சுற்றுலா அமைச்சகத்தின் உரிமம் பெற்றிருக்க வேண்டும். அட்டையைப் பார்க்கக் கேட்பதில் தவறில்லை, அவர்களும் தவறாக எடுத்துக்கொள்வதில்லை. ஆனால் உரிமம் இருப்பதால் மட்டும் கோ கேர் தெரிந்தவர் ஆகிவிட மாட்டார். தினமும் அங்கோர் வாட்டைச் சுற்றிக்காட்டுகிறவர் கோ கேருக்கு ஆண்டுக்கு ஒருமுறை போகிறவராக இருக்கலாம். நான் வாட்ஸப்பில் பேசியபோது ஒரே கேள்வியைத்தான் எல்லோரிடமும் கேட்டேன்: “பிரசாத் செண் கோயிலுக்குக் கூட்டிப்போவீர்களா?” “பிரமிடுதான் முக்கியம், மற்றதெல்லாம் சின்னச் சின்னக் கோயில்” என்று பதில் சொன்னவரை விட்டுவிட்டேன். “போகலாம், ஆனால் அங்கே சிலை எதுவும் இல்லை, பரவாயில்லையா?” என்று திருப்பிக் கேட்டவரை ஏற்பாடு செய்துகொண்டேன்.

பேச்சு முடிந்ததும் என்னென்ன கோயில், எத்தனை மணிக்குப் புறப்பாடு, கார் வாடகை எவ்வளவு, வழிகாட்டிக் கட்டணம் எவ்வளவு, சாப்பாடும் நுழைவுச்சீட்டும் அதில் அடக்கமா இல்லையா என்று எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். சீட்டு பெரும்பாலும் தனிக் கணக்கு. கோ கேருக்கு 15 டாலர். வழியில் உள்ள பெங் மீலியா கோயில் 2020 முதல் அங்கோர் அனுமதிச்சீட்டுக்குள் வந்துவிட்டது. ஒரு நாள் சீட்டு 37 டாலர், மூன்று நாள் சீட்டு 62. மூன்று நாள் சீட்டைப் பத்து நாள்களுக்குள் எந்த மூன்று நாளும் பயன்படுத்தலாம். ஆனால் பெங் மீலியாவில் கால் வைத்தால் அதில் ஒரு நாள் கழிந்துவிடும். அதைக் கணக்கில் வைத்துத் திட்டம் போடுங்கள்.

காலை ஆறு மணிக்குள் கிளம்பிவிட வேண்டும். பெங் மீலியா வழியிலேயே இருப்பதால் சுற்றுலா வண்டிகள் பலவும் அதை முதலில் பார்த்துவிட்டு வெயில் உச்சிக்கு ஏறும் நேரத்தில் கோ கேர் போய்ச் சேருகின்றன. அதைத் திருப்பிப் போட்டுவிடச் சொல்லுங்கள். நேரே கோ கேர். இரண்டு, இரண்டரை மணி நேரப் பயணம், இப்போது தார்ச்சாலைதான். பிரமிடின் மேல் நிழல் கிடையாது, ஏறுவதைக் காலையிலேயே முடித்துவிடலாம். மரங்கள் மூடிய பெங் மீலியா பிற்பகலுக்கு ஏற்றது.

பிரமிடு இருக்கும் பிரசாத் தோம் வளாகத்துக்குள் கிழக்கிலிருந்து நுழையச் சொல்லுங்கள். முதலில் வருவது பிரசாத் கிராஹாம் என்னும் சிவந்த செங்கல் கோபுரவாசல். அதற்குள் ஐந்து தலையோடு ஆடும் சிவன் நின்றிருந்தார். பெரிய சிலை, துண்டு துண்டாக நொறுங்கிப் போனது. என் வழிகாட்டி அங்கே கால் மணி நேரம் நின்றார். தலை எந்த உயரத்தில் இருந்திருக்கும், வாசலில் நுழைகிறவனுக்கு முதலில் என்ன தெரிந்திருக்கும் என்று கையைத் தூக்கிக் காட்டிக்காட்டிச் சொன்னார். அவர் சொல்லியிராவிட்டால் நிழலான ஒரு வாசல் என்று கடந்து போயிருப்பேன்.

அகழியைத் தாண்டி, இடிந்த சுற்றுமண்டபங்களைத் தாண்டி, திடீரென்று வெட்டவெளி. நடுவில் பிரமிடு. சுமார் 36 மீட்டர் உயரம். உச்சியில் நின்ற அரச லிங்கம் இன்று இல்லை. பக்கவாட்டில் மரப்படிக்கட்டு போட்டிருக்கிறார்கள். முழங்கால் வலி உள்ளவர்கள் கீழேயே இருந்துவிடலாம். ஏறினால் நாலு பக்கமும் காடு. பார்க்க வேண்டிய காட்சிதான். ஆனால் நாளின் நேரத்தையெல்லாம் இங்கேயே செலவழித்துவிட வேண்டாம்.

ஏனென்றால் அடுத்துப் போக வேண்டியது பிரசாத் செண். மகாபாரதம் கேட்டு வளர்ந்தவர்களுக்கு இந்த இடம் நெஞ்சில் அறையும். மேற்கு வாசலில் பீமனும் துரியோதனனும் கதையோடு மோத, பாண்டவர்களும் கண்ணனும் பலராமனும் சுற்றி நின்று பார்க்கிற மாதிரி ஒன்பது ஆளுருவச் சிலைகள் இருந்தன. பாரதப் போரின் கடைசிச் சண்டையை ஒரு சபைபோல நிறுத்தி வைத்திருந்தார்கள். ஆயிரம் ஆண்டு நின்ற அந்தச் சபையை 1970களின் உள்நாட்டுப் போர்க் குழப்பத்தில் கணுக்காலோடு வெட்டி எடுத்துக் கடத்தினார்கள். பாதங்கள் மட்டும் பீடத்தில் ஒட்டிக்கொண்டு கிடந்தன. 2011இல் நியூயார்க்கின் சோத்பீஸ் ஏலக் கூடத்தில் விலைக்கு வந்த துரியோதனன் சிலைக்குப் பாதம் இல்லை. அது இங்கே கிடந்த பாதங்களோடு பொருந்துவதைப் பிரெஞ்சு ஆய்வாளர் எரிக் பூர்தோனோ எடுத்துக் காட்டினார். வழக்கு நடந்தது. 2014இல் துரியோதனனும், கலிபோர்னியாவின் நார்ட்டன் சைமன் அருங்காட்சியகத்திலிருந்து பீமனும் நாடு திரும்பினார்கள். அதற்கு முந்தைய ஆண்டே நியூயார்க்கின் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகம் மண்டியிட்ட இரு உருவங்களைத் திருப்பித் தந்திருந்தது.

பிரசாத் கிராசாப்புக்கும் கட்டாயம் போங்கள். கதவு நிலைகளில் கல்வெட்டு வரிகள் தெளிவாக இருக்கின்றன. கெமர் எழுத்தின் வேர் பல்லவர் கால எழுத்தில் இருப்பதால், நம்மூர்க் கிரந்தக் கல்வெட்டுகளைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு அந்த வளைவுகளில் ஓர் உறவு தெரியும். இந்தக் கோயிலிலிருந்துதான் மயில்மேல் அமர்ந்த கந்தன் சிலையை 1997 வாக்கில் திருடிக்கொண்டு போனார்கள். 2022இல் அமெரிக்கா கம்போடியாவிடம் ஒப்படைத்த 30 கலைப்பொருள்களில் அந்தக் கந்தனும் உண்டு, கோ கேரைச் சேர்ந்த பிரம்மாண்டமான பிள்ளையாரும் உண்டு. முருகன் திரும்பி வந்த கதையை அந்த வாசலில் நின்று கேட்டபோது எனக்குக் கண் கலங்கிவிட்டது. வழிகாட்டி பௌத்தர். அவருக்கும் அது சொந்த வீட்டுப் பொருள் திரும்பி வந்த சந்தோஷம்தான்.

லிங்கக் கோயில்களில் ஒன்றிரண்டைப் பார்த்தால் போதும். பிரசாத் தினெங் எனக்குப் பிடித்தது: மேற்பகுதி சரிந்த செம்புரைக்கல் சுவர்களுக்குள் ஆவுடையாரோடு பெரிய லிங்கம், இருந்த இடத்திலேயே. இவ்வளவு பெரியதைத் திருடர்களாலும் நகர்த்த முடியவில்லை. பிரசாத் பிராமில் செங்கல் கோபுரங்களை மரவேர் முழுசாகத் தழுவிக்கொண்டு நிற்கிறது. தா பிரோமில் படமெடுக்க வரிசையில் நின்றவர்களுக்கு இங்கே வரிசை கிடையாது.

இனி ஓர் எச்சரிக்கை, இதில் விளையாட்டே கூடாது. இந்தப் பகுதி முழுக்கப் போர்க்காலக் கண்ணிவெடி புதைத்த இடம். முக்கியக் கோயில்களையும் பாதைகளையும் துப்புரவாக்கிவிட்டார்கள். ஆனாலும் தேய்ந்த பாதையை விட்டுக் காட்டுக்குள் இறங்கக் கூடாது, சிறுநீர் கழிக்கக்கூட. குழந்தைகளைக் கைப்பிடியில் வைத்துக்கொள்ளுங்கள். சிவப்புப் பலகையில் மண்டையோடு வரைந்திருந்தால் அந்தத் திசையே வேண்டாம். கழிப்பறை பிரசாத் தோம் வாசலருகே இருக்கிறது. சின்னக் கோயில்கள் பக்கம் இருக்காது, பிரசாத் தோமிலேயே போய்விட்டுக் கிளம்புங்கள். பூட்ஸ் மாதிரி மூடிய காலணி, தொப்பி, கொசு மருந்து, தாராளமாகத் தண்ணீர். நவம்பர் முதல் பிப்ரவரி வரை போவது நல்லது. ஏப்ரல் வெயிலில் பிரமிடு ஏறுவது உடம்புக்கு ஆகாது.

சிலர் இதே நாளில் பிரே விகார் கோயிலையும் சேர்த்துத் தருவதாகச் சொல்வார்கள். சேர்க்காதீர்கள். நாள் முழுதும் காரிலேயே போய்விடும். அந்தக் கோயில் தாய்லாந்து எல்லையிலேயே இருக்கிறது; 2025 ஜூலையில் அந்த எல்லையில் இரு நாட்டுப் படைகளும் மோதிக்கொண்டன. கோ கேர் எல்லையிலிருந்து தள்ளித்தான் இருக்கிறது, என்றாலும் அதே மாகாணம். முன்பதிவுக்கு முன்பும் புறப்படும் நாளிலும் செய்தி பார்த்துக்கொள்ளுங்கள்.

பிரசாத் தோம் எதிரே உள்ள சிறு கடைகளில் மீன் வறுவலும் சோறும் கிடைக்கும். சைவம் என்றால் முந்தின நாளே வழிகாட்டியிடம் சொல்லிவையுங்கள், மீன் சாறு ஊற்றாமல் செய்யச் சொல்வார். மூன்று, மூன்றரைக்குள் பெங் மீலியா போய்விட வேண்டும். பன்னிரண்டாம் நூற்றாண்டுக் கோயில். அமைப்பில் அங்கோர் வாட்டின் சாயல் தெரியும், ஆனால் நடுக்கோபுரம் முழுக்கச் சரிந்து கற்குவியலாகக் கிடக்கிறது. 2004இல் வந்த ‘டூ பிரதர்ஸ்’ படப்பிடிப்புக்காக மரப்பாலங்கள் போட்டார்கள்; அதில் நடந்தே நிறையப் பார்க்கலாம். பாசி பிடித்த கற்கள்மேல் ஏறிக் கூட்டிப்போகிறேன் என்று யாராவது கூப்பிட்டால் வயதானவர்கள் மறுத்துவிடுங்கள். நுழையும் முன் நடைபாதை ஓரத்து நாகத்தின் தலைகளைப் பாருங்கள், அந்தச் செதுக்கு அவ்வளவு கூர்மையாகத் தங்கியிருக்கிறது.

ஊர் திரும்பியதும் வழிகாட்டிக்கும் ஓட்டுநருக்கும் அன்பளிப்பைத் தனித்தனியாக, கையில் கொடுங்கள். ஒருவரிடம் கொடுத்துப் பிரித்துக்கொள்ளச் சொல்வது அவர்களுக்குச் சங்கடம். கிழியாத, கறைபடாத டாலர் நோட்டாக இருக்கட்டும். ஓரம் கிழிந்தால்கூடக் கடைக்காரர்கள் வாங்குவதில்லை. என் வழிகாட்டியிடம் விடைபெறும்போது, நோம் பென்னில் நான் எடுத்திருந்த துரியோதனன் படங்களைக் கேட்டார். பிரசாத் செண் வாசலில் அடுத்து வருகிறவர்களுக்குக் காட்ட என்று. அங்கேயே நின்று எல்லாவற்றையும் அனுப்பிவைத்தேன். நீங்களும் அருங்காட்சியகத்தில் எடுத்த படங்களைக் கைபேசியில் வைத்துக்கொண்டு போங்கள். காட்டுக்குள் இணையம் சரியாகக் கிடைக்காது.