சாப்ளினும் ஆசு நடிப்பும்

புலவர் நால்வகையினர் எனப் பாட்டியல் நூலார் வகுத்தனர். அவருள், கேட்ட அப்பொழுதே பாடவல்லான் ஆசுகவி எனப்படுவான். நடிப்பிலும் அத்தகைய ஆசுத் திறம் உண்டு. முன்னெழுதிய நாடகமும் மிகுந்த பொருட்செலவும் இன்றி, நின்ற இடத்தே நகையை விளைக்கும் அத்திறம் எங்ஙனம் கைவரும் என்பதைச் சார்லி சாப்ளின் (1889–1977) வாழ்க்கையின் ஒரு பகுதி கொண்டு ஈண்டு ஆராய்வோம்.

அமெரிக்காவின் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில், மாக் சென்னட் என்பார் 1912-ஆம் ஆண்டில் தொடங்கியது கீஸ்டோன் படக் கம்பெனி. ஆங்குப் பேசாப் படங்கள் சில நாட்களில், சிறு செலவில் எடுக்கப்பட்டன. ஒரு கருத்துத் தோன்றினாற் போதும். நடிகர் அதன்வழியே செல்வர். துரத்தலும் ஓட்டமுமாகக் கதை முடியும். ஊரிற் பந்தயம் நடப்பின் அதுவே அரங்கம். காண வந்த மக்களே உடன் நடிப்போர்.

வாரம் 150 டாலர் ஊதியத்திற்கு இசைந்து, 1913-ஆம் ஆண்டின் இறுதியிற் சாப்ளின் அங்குச் சேர்ந்தார். தொளதொளத்த காற்சட்டை, இறுகிய மேற்சட்டை, சிறு தொப்பி, பெரிய பூட்ஸ், கைத்தடி, சிறு மீசை என ஒன்றற்கொன்று ஒவ்வாதவற்றை ஒருங்கே பூண்டார். அக்கோலம் மக்கள் கண்ணில் முதன்முதற் பட்டது, 1914 பிப்ரவரி 7-இல் வெளிவந்த ‘கிட் ஆட்டோ ரேசஸ் அட் வெனிஸ்’ என்னும் படத்தில். சிறுவர் வண்டிப் பந்தயத்தைப் படம் பிடிக்கும் கருவியின் முன் ஒருவன் ஓயாது வந்து நிற்கின்றான்; தள்ளத் தள்ள மீள்கின்றான். கதை அவ்வளவே. பந்தயமும் மெய், கூட்டமும் மெய், நடிக்க வந்தவர் ஒரு சிலரே.

ஆயினும் அவ்விடத்து டைரக்டர்கள் வேகத்தையே விரும்பினர். அவருடைய நுண்ணிய நடிப்பு வெட்டுண்டது. அதனால், காட்சியினுட் புகும்போதும் நீங்கும்போதும் நகையை அமைக்கத் தொடங்கினார்; அவ்விடங்களை வெட்டுதல் அரிதன்றோ! பின்னர்த் தாமே படத்தை நடத்த விரும்பினார். அது வெளியிடத் தகாததாயின் தம் சேமிப்பாகிய 1,500 டாலரை ஈடாகத் தருவதாகச் சொன்னார் எனத் தம் சரிதத்தில் எழுதுகின்றார். ஓராண்டிற்குள் அக்கம்பெனியின் 36 படங்களிற் தோன்றினார். 1915-இல் எஸ்ஸனே கம்பெனி அவருக்கு அளித்த ஊதியம் வாரம் 1,250 டாலர்.

இவ்வளவும் விரைவினால் மட்டும் வந்ததோ? அன்று. 1908 முதல் பிரெட் கார்னோவின் விகடக் குழுவில், உடலாற் பேசும் கலையை இரவுதோறும் பயின்றவர் அவர். அச்சேமிப்பே கருவியின் முன் வேண்டும்போது உதவிற்று.

காலமும் பொருளும் வாய்த்த பின்னரும் அவர் பழைய முறையைக் கைவிடவில்லை. 1917-இல் ‘தி இமிக்ரண்ட்’ எடுக்கப் புகுந்தபோது, உணவுச்சாலைக் காட்சியையே முதலில் எடுத்தார். பன்முறை நடித்துப் பார்த்த பின்னரே, அக்காட்சியின் மாந்தர் கப்பலேறி வந்த குடியேறிகள் என்னும் கதை பிறந்தது. விலக்கப்பட்ட படச்சுருள்களைக் கொண்டு 1983-இல் வெளியான ‘அன்னோன் சாப்ளின்’ இதனைக் காட்டுகின்றது. கணத்திற் பிறந்ததுபோல் நம்மை நகைப்பிக்கும் ஒரு செயல், பலமுறை பிழைத்துத் திருத்தப்பட்டதாகும்.

“ஆயத்தமின்றிப் பேச வந்தேன்” எனத் தொடங்குவோர் நம் சங்கங்களிற் பலர். ஆயத்தமின்மை வேறு, ஆசு வேறு. முன்னது வெறுங்கை, பின்னது நிறைந்த களஞ்சியத்தின் திறந்த வாயில்.