முதலில் கழித்தல், பிறகு வகுத்தல்

பெற்றோரே, இக்கணக்கை உங்கள் பிள்ளைக்குக் கொடுத்துப் பாருங்கள். இரணைமடுக் குளத்து நீர் பாயும் உருத்திரபுரத்தில் ஒரு கமக்காரருக்கு 45 மூடை நெல் விளைந்தது. விதைநெல்லாக 6 மூடையை எடுத்துவைத்து, மீதியை மூன்று மக்களுக்கும் சமமாகப் பங்கிட்டார். ஒருவருக்கு எத்தனை மூடை?

45இல் 6 போக 39. அதை 3ஆல் வகுக்க 13.

சில பிள்ளைகள் முதலில் வகுத்து, 15இல் 6ஐக் கழித்து, 9 என்பர். சரிபார்க்கச் சொல்லுங்கள்: மூவருக்கும் 27, விதைநெல்லோடு 33. மற்ற 12 மூடை எங்கே? ஒவ்வொரு பங்கிலும் 6 கழித்ததால் 18 மூடை போய்விட்டது!

பிழைவிட்டால் அதட்டாதீர்கள், “எதிலிருந்து எடுத்தார்?” என்று கேளுங்கள். அப்பம் பகிருமுன் மக்களை ஐம்பது ஐம்பதாக அமரச் செய்தார் ஆண்டவர் (லூக்கா 9:14). நேர்மையான பங்கீட்டுக்கு ஒழுங்கு வேண்டும்.