நிலையில்லா ஒலியும் நினைவும்: தேர்வு மாதத்துக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

பங்குனி பிறந்தால் திருச்சி மாவட்டம் தொட்டியத்தில் இரண்டு காரியங்கள் ஏறக்குறைய ஒன்றாக வந்து சேரும். ஒன்று, பக்தர்கள் தோளில் சுமந்து வரும் மதுரகாளியம்மன் தேர். மற்றொன்று, பொதுத்தேர்வு. திருச்சி–நாமக்கல் சாலையின் ஏர் ஹாரனுக்கோ மாதக் கணக்கே இல்லை. "படிச்சது எதுவும் நிக்க மாட்டேங்குதும்மா" என்று பிள்ளை சொன்னால், "உனக்குக் கவனம் பத்தல" என்று திட்டிவிடுகிறோம். ஆனால் நினைவைக் குலைக்கும் ஒலி நம் ஜன்னலுக்கு வெளியிலேயே இருக்கிறது. அதை அடையாளம் கண்டு சமாளிக்க இதோ ஆறு படிகள்.

படி 1: எதிரி யார் என்று தெரிந்துகொள்ளுங்கள்

சத்தம் அதிகமானால்தான் படிப்பு கெடும் என்று நினைக்கிறோம். அது பாதி உண்மை. 1976இல் கோல், வெல்ஷ் என்ற இரு ஆய்வாளர்கள், எழுத்துகளை வரிசையாகக் காட்டி மனத்தில் வைத்துக்கொள்ளச் சொன்னார்கள். அந்த நேரத்தில், கேட்பவர்களுக்குப் புரியாத ஜெர்மன் மொழிப் பேச்சை ஓடவிட்டார்கள். ஒரு சொல்கூடப் புரியவில்லை. ஆனாலும் வரிசை குழம்பியது. பின்னர் பிரிட்டனில் டிலன் ஜோன்ஸ் குழுவினர் காரணத்தை இன்னும் நெருங்கினார்கள். ஒரே அசை திரும்பத் திரும்ப ஒலித்தால் பாதிப்பு மிகக் குறைவு. அசை மாறிக்கொண்டே இருந்தால் நினைவு சரிகிறது. மின்விசிறி இரைச்சலில் படித்துவிடலாம், பக்கத்து வீட்டு சீரியல் வசனத்தில் முடியாது என்பதற்கு இதுதான் காரணம். வரிசைதான் முதலில் அடிபடும் என்பதால் மனப்பாடப் பகுதி, சமன்பாடு, கணக்கின் படிகள் எல்லாம் ஆபத்தில் இருப்பவை.

படி 2: வீட்டிலேயே சோதித்துப் பாருங்கள்

அம்மாவோ அக்காவோ எட்டு எண்களை நொடிக்கு ஒன்றாகத் தாளில் எழுதிக் காட்டட்டும்: 4, 9, 2, 7, 1, 8, 3, 6. தாளை மூடிவிட்டுப் பத்து நொடி காத்திருங்கள். பிறகு அதே வரிசையில் எழுதுங்கள். ஒவ்வொரு முறையும் புதிய எண்களை வைத்து அமைதியில் ஐந்து முறை, சினிமாப் பாட்டு ஓடும்போது ஐந்து முறை செய்யுங்கள். சரியான இடத்தில் விழுந்த எண்களை எண்ணிப் பாருங்கள். "பாட்டுக் கேட்டாத்தான் எனக்குப் படிப்பு வரும்" என்று வாதாடும் பிள்ளைக்கு நீங்கள் பதில் சொல்ல வேண்டாம். அந்தத் தாள் சொல்லட்டும்.

படி 3: ஒலிகளைப் பிரித்து எழுதுங்கள்

ஒரு நாள் மாலை ஆறு மணி முதல் பத்து மணி வரை காதில் விழுவதையெல்லாம் குறியுங்கள். சீராக ஓடுவது ஒரு பக்கம்: மின்விசிறி, மோட்டார், மழை. ஏறி இறங்கி மாறுவது இன்னொரு பக்கம்: ஹாரன், டிவி, மைக்செட், போன் பேச்சு. இரண்டாவது பட்டியலைத்தான் குறைக்க வேண்டும். கைபேசியின் டெசிபல் செயலி துல்லியமானதல்ல. ஆனால் எந்த அறை மற்றதைவிட அமைதி என்று ஒப்பிட அது போதும்.

படி 4: இடத்தை மாற்றுங்கள், சந்துகளை அடைத்துவிடுங்கள்

திறந்த வெளியில் ஒலிபெருக்கியிலிருந்து உள்ள தூரம் இரட்டிப்பானால் ஒலி சுமார் 6 டெசிபல் இறங்கும். அதனால் தெருப்பக்க அறையைவிடக் கொல்லைப்பக்க அறை மேல். முசிறிக் கோரைப்பாயை ஜன்னலில் தொங்கவிட்டால் வெயில் நிற்கும், ஒலி நிற்காது. ஒலியைத் தடுப்பது கனம். காற்று நுழையும் சந்தில் ஒலியும் நுழையும் என்பதால், கதவின் அடியில் பழைய ஜமுக்காளத்தைச் சுருட்டி வையுங்கள். மின்விசிறியை ஓடவிட்டால், வெளியே மாறிவரும் ஒலி அந்தச் சீரான இரைச்சலில் ஓரளவு மறையும்.

பஞ்சைக் காதில் வைப்பதால் பெரிய பயன் இல்லை. மருந்துக் கடையில் நுரை இயர் பிளக் கேளுங்கள். விரல்களுக்கிடையே மெல்லிசாக உருட்டி, மறு கையால் காதை மேல்நோக்கி இழுத்துப் பிடித்துச் செருகி, அது விரியும் வரை அழுத்திப் பிடியுங்கள். காதில் சீழோ வலியோ இருந்தால் வேண்டாம்.

படி 5: இரவைக் காப்பாற்றுங்கள்

பகலில் படித்தது தூக்கத்தில்தான் நிலைபெறுகிறது. இந்திய ஒலி மாசு விதிகள் (2000) குடியிருப்புப் பகுதிக்குப் பகலில் 55, இரவில் 45 டெசிபல் என்று வரம்பு வைத்திருக்கின்றன. இரவு பத்து முதல் காலை ஆறு வரை திறந்த வெளியில் ஒலிபெருக்கி கூடாது. விழாக்களுக்காக நள்ளிரவு வரை தளர்த்த மாநில அரசுக்கு அதிகாரம் உண்டு. அதுவும் ஆண்டுக்குப் பதினைந்து நாளுக்கு மேல் இல்லை. பள்ளி, மருத்துவமனை, நீதிமன்றம் ஆகியவற்றைச் சுற்றி 100 மீட்டர் வரை மாநில அரசு அமைதி மண்டலமாக அறிவிக்கலாம். ஒலிபெருக்கி வைக்க எழுத்து மூலம் அனுமதி வேண்டும். வரம்பு மீறினால் 100 அல்லது 112ஐ அழைக்கலாம்.

படி 6: ஊரோடு பேசுங்கள்

வீட்டுக் கதவை அடைப்பதோடு வேலை முடியாது. நியூயார்க்கில் ரயில் பாலத்தை ஒட்டிய ஒரு பள்ளியை 1975இல் ஆராய்ந்தார்கள். தண்டவாளப் பக்க வகுப்புப் பிள்ளைகள், அமைதியான பக்கத்துப் பிள்ளைகளைவிட வாசிப்பில் பின்தங்கியிருந்தார்கள். தண்டவாளத்துக்கு ரப்பர் மெத்தை போட்டு, வகுப்பறைக்கும் ஒலித்தடுப்பு செய்தபின் அந்த வித்தியாசம் மறைந்தது. 1992இல் மியூனிக் விமான நிலையம் இடம் மாறியபோது, பழைய இடத்துப் பிள்ளைகளின் நினைவாற்றல் மேம்பட்டது. புதிய இடத்துப் பிள்ளைகளிடம் குறைந்தது. போன நினைவு திரும்பும் என்பதற்கு இதைவிடச் சாட்சி வேண்டாம்.

தேரை நிறுத்தச் சொல்லவில்லை; பறையும் மேளமும் இல்லாமல் ஏது திருவிழா? விழா தொடங்குமுன் பெற்றோர் நான்கு பேர் சேர்ந்து விழாக்குழுவிடமும் மைக்செட்காரரிடமும் இரண்டே கோரிக்கை வையுங்கள்: குழாய் ஸ்பீக்கரைத் தெருவீடுகளை விட்டுத் திருப்பிக் கட்டுங்கள், சாமி புறப்பாடு இல்லாத நேரத்தில் பாட்டை நிறுத்துங்கள். அவர்கள் வீட்டிலும் தேர்வெழுதும் பிள்ளை இருக்கும்.