குடிபெயரும் குடும்பம்: ‘சிம்ஸ்’ கணினி விளையாட்டில் ஒரு பாடம்



வீடு கட்டி விளையாடுவது சிறுவர்க்குப் புதிதன்று. மணலைக் குவித்துச் சிற்றில் இழைப்பதும், கொட்டாங்கச்சியில் சோறு சமைப்பதும், பொம்மைக்குப் பெயர் சூட்டித் தொட்டிலில் இடுவதும் நம் முன்னோர் காலந்தொட்டு வரும் விளையாட்டுகளாகும். மாலையில் மழை பெய்தால் சிற்றில் கரைந்துவிடும். மறுநாள் புதிதாகத் தொடங்க வேண்டும். இன்று அதே விளையாட்டு கணினித் திரையிலும் நடைபெறுகின்றது. திரையில் கட்டிய வீடோ மழைக்குக் கரைவதில்லை. நேற்று நிறுத்திய இடத்திலிருந்து இன்று தொடரலாம். அவ்வாறு தொடர உதவும் பதிவைச் ‘சேமிப்பு’ என்கின்றோம்.

ஒரு சேமிப்பில் வாழும் குடும்பத்தை மற்றொரு சேமிப்புக்குக் கொண்டு செல்ல இயலுமா? இயலுமெனில், எவை உடன் வரும்? எவை பின்தங்கிவிடும்? மாணவர் பலருக்கு எழும் இவ்வினாக்களுக்கு விடை காண்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

விளையாட்டின் வரலாறு

‘தி சிம்ஸ்’ என்னும் வாழ்க்கை விளையாட்டு 2000ஆம் ஆண்டு பிப்ரவரி மாதம் வெளிவந்தது. இதனை வடிவமைத்தவர் அமெரிக்க நாட்டின் மேக்சிஸ் நிறுவனத்தைச் சேர்ந்த வில் ரைட் என்பவர். 1991ஆம் ஆண்டு கலிபோர்னியா மாநிலத்தின் ஓக்லந்து நகரில் மூண்ட பெருந்தீயில் இவருடைய வீடு எரிந்துபோயிற்று. எல்லாவற்றையும் மீண்டும் சேர்க்க வேண்டிய நிலையில், ஒரு மனிதன் வாழ உண்மையில் எவை தேவை என்று அவர் எண்ணிப் பார்த்தார். அந்த எண்ணம் இவ்விளையாட்டு உருவாவதற்குத் தூண்டுதலாயிற்று.

இவ்விளையாட்டில் வெற்றியும் இல்லை, தோல்வியும் இல்லை. ‘சிம்’ எனப்படும் மனிதர்க்கு வேளைக்கு உணவும் உறக்கமும் வேண்டும். தொழில் கற்றுப் பொருள் ஈட்ட வேண்டும். அண்டை அயலாரோடு பழக வேண்டும். அவர்கள் மணம் புரிவர், மக்களைப் பெறுவர், முதுமை எய்தி மறைவர். இரண்டாம் பதிப்பு 2004ஆம் ஆண்டிலும், மூன்றாவது 2009ஆம் ஆண்டிலும், நான்காவது 2014ஆம் ஆண்டிலும் வெளிவந்தன. நான்காம் பதிப்பின் அடிப்படை விளையாட்டு 2022ஆம் ஆண்டு அக்டோபர் முதல் இலவசமாக வழங்கப்படுகின்றது. ஆதலின் எளிய குடும்பங்களின் கணினிகளிலும் இது இடம்பெற இயலும். நாம் இங்கு விளக்குவதும் பெரும்பாலும் இந்த நான்காம் பதிப்பையே.

பெற்றோர் ஒன்றனைக் கருத்திற் கொள்ள வேண்டும். இவ்விளையாட்டு அமெரிக்காவில் 13 வயதுக்கு மேற்பட்டோர்க்கு உரியதெனவும், ஐரோப்பாவில் 12 வயதுக்கு மேற்பட்டோர்க்கு உரியதெனவும் மதிப்பிடப்பட்டுள்ளது. ஆகவே, தொடக்கப்பள்ளி மாணவர் இதனைத் தனித்து விளையாடுதல் கூடாது. தாய் தந்தையரோ மூத்த அண்ணன் அக்காளோ அருகில் இருத்தல் நலம்.

ஒவ்வொரு சேமிப்பும் ஒரு தனி உலகம்

புதிய சேமிப்பு ஒன்றைத் தொடங்கும்போதெல்லாம் ஓர் உலகமே புதிதாகப் பிறக்கின்றது. எடுத்துக்காட்டாக, வில்லோ கிரீக் என்னும் ஊரில் கோத் குடும்பம் வாழ்கின்றது. அக்குடும்பத்தின் மகள் கசான்ட்ரா. ஒரு சேமிப்பில் நீங்கள் நெடுங்காலம் விளையாடினால் அவள் வளர்ந்து, மணம் புரிந்து, பாட்டியும் ஆகலாம். அதே கணினியில் வேறொரு சேமிப்பைத் திறந்தால், அங்கே அவள் இன்னும் பதின்ம வயதுப் பெண்ணாகவே இருப்பாள். ஓர் உலகில் நிகழ்வது மற்றோர் உலகுக்குத் தெரியாது. இரண்டுக்கும் இடையே கதவு இல்லை.

கதவு இல்லாவிடினும், இரண்டு உலகங்களுக்கும் பொதுவான பண்டகசாலை ஒன்று உண்டு. விளையாட்டில் அதற்கு ‘மை லைப்ரரி’, அதாவது ‘என் நூலகம்’ என்று பெயர். ஓர் உலகிலிருந்து அதில் வைத்ததை மற்றோர் உலகில் எடுத்துக்கொள்ளலாம். நூலகத்தில் வைக்கத்தக்கவை மூவகைப்படும்:

1. குடும்பம். ஒரு குடும்பத்தில் எட்டுப் பேர் வரை இருக்கலாம்.
2. கட்டடம். வீடு, கடை, பூங்கா முதலியவை.
3. அறை. ஒரு சமையலறையையோ படுக்கையறையையோ மட்டும் தனியே எடுத்து வைக்கலாம்.

குடும்பம் வேறு, கட்டடம் வேறு என்பதை மறத்தலாகாது. குடும்பத்தை மட்டும் நூலகத்தில் வைத்தால் அவர்கள் வாழ்ந்த வீடு உடன் வாராது. வீட்டைத் தனியாகவும் வைக்க வேண்டும். புதிய உலகில் வீட்டை வைக்கும் மனை, பழைய மனையைவிடச் சிறியதாக இருத்தலும் ஆகாது. 30க்கு 20 கட்டங்கள் கொண்ட மனையில் எழுப்பிய வீட்டை 20க்கு 15 கட்டங்கள் கொண்ட மனையில் வைக்க இயலாது.

மாற்றும் முறை

1. பழைய சேமிப்பைத் திறந்து, உலகங்களை நிர்வகிக்கும் பகுதிக்குச் செல்க.
2. குடும்பத்தைத் தேர்ந்தெடுத்து நூலகத்தில் வைக்க. பெயரும் சிறு குறிப்பும் எழுதுக. பின்னாளில் தேடுவதற்கு அவை உதவும்.
3. அவர்களுடைய வீட்டையும் அவ்வாறே வைக்க.
4. புதிய சேமிப்பைத் திறந்து, வெற்று மனை ஒன்றில் நூலகத்திலிருந்து வீட்டை இறக்குக.
5. அவ்வீட்டில் குடும்பத்தைக் குடியேற்றுக. பின்னர் மறவாமல் சேமித்திடுக.

இவ்வளவே வேலை. ஐந்து நிமிடங்களில் முடிந்துவிடும். ஆயினும் நாம் கற்கவேண்டிய பாடம் இதற்குப் பின்னரே உள்ளது.

உடன் வருபவையும் பின்தங்குபவையும்

ஒரு சிம் புதிய உலகுக்குச் செல்லும்போது அவனுடைய பெயர், தோற்றம், வயதுநிலை, குணங்கள், கற்ற திறன்கள் ஆகியவை உடன் செல்லும். சமையல் கற்றவன் சமையல்காரனாகவே சென்று சேர்வான். ஒரே குடும்பமாக நூலகத்தில் வைக்கப்பட்டோர்க்கு இடையே உள்ள உறவும் மாறாது. கணவன் மனைவி கணவன் மனைவியாகவே இருப்பர். பிள்ளைகள் தம் பெற்றோரை அறிவர்.

ஆனால், அக்குடும்பத்திற்கு வெளியே இருந்தவர்களோடு கொண்ட உறவு உடன் வாராது. தந்தை, தாய், இரு பிள்ளைகள் என நால்வர் ஒரு வீட்டில் வாழ்கின்றனர் எனக் கொள்வோம். பாட்டி அடுத்த வீட்டில் தனியே வசிக்கின்றாள். நாள்தோறும் பிள்ளைகள் அவளைக் காணச் செல்கின்றனர். நால்வரையும் புதிய உலகுக்கு மாற்றினால், அங்கே அப்பிள்ளைகளுக்குப் பாட்டியே இல்லை. குலவரிசைப் பட்டியலிலும் அவள் பெயர் காணப்படாது. மறைந்த தாத்தாவின் பெயரும் அவ்வாறே நீங்கிவிடும். சரி, பாட்டியைத் தனியே பின்னர் அழைத்து வரலாமே எனில், அவள் வருவாள். அதே முகத்தோடும் அதே பெயரோடும் வருவாள். ஆனால் பிள்ளைகள் அவளை அறியார். அவளும் அவர்களை அறியாள். ஒரே தெருவில் அயலாராகவே வாழ்வர்.

தோட்டத்தை விட்டுப் பட்டணத்திற்குக் குடிபெயர்ந்த குடும்பங்களுக்கு இதனை நாம் விரித்துரைக்க வேண்டியதில்லை. கட்டிலும் பெட்டியும் லாரியில் ஏறின. பக்கத்து வீட்டார் உறவு ஏறிற்றா என்பதை அவரவரே அறிவர்.

உறவை ஏன் அறுக்க வேண்டும், எல்லாவற்றையும் சேர்த்தே அனுப்பலாகாதா என்று நீங்கள் கேட்கக்கூடும். நல்ல வினா. இதற்கு இரண்டாம் பதிப்பில் விடை உண்டு. அப்பதிப்பில் ஒவ்வொரு சிம்மும் தான் கண்டவற்றையும் பழகியவர்களையும் நினைவில் பதித்து வைத்திருப்பான். ஆட்கள் குடியிருக்கும் வீட்டை அப்படியே கட்டி வேறோர் ஊரில் இறக்கினால், அந்நினைவுகளும் கூடவே சென்றன. நினைவில் உள்ள மனிதரோ புதிய ஊரில் முழுமையாக இல்லை. இல்லாதவரைச் சுட்டும் நினைவுகளால் கணக்குக் குழம்பிற்று. நாளடைவில் அவ்வூரின் பதிவே பழுதடையும் நிலை ஏற்பட்டது. ஆகவே, ஆட்கள் குடியிருக்கும் வீட்டை ஊர் விட்டு ஊர் மாற்றலாகாது என்பது அப்பதிப்பை விளையாடுவோர் கடைப்பிடிக்கும் முதல் விதியாயிற்று. உறவின் மறுமுனையில் ஆள் இல்லையெனில் கணினியாலும் அதனைத் தாங்க இயலவில்லை.

உறவைக் காக்கும் வழி

நான்காம் பதிப்பில் இதற்கு எளிய வழி ஒன்று உண்டு. குடிபெயரும் முன் உறவினர் அனைவரையும் ஒரே கூரையின் கீழ்க் கூட்டுக.

முதலில், பழைய சேமிப்பை வேறு பெயரில் மற்றுமொரு முறை சேமித்துக்கொள்க. மூலம் கெடாதிருக்க இது தேவை. அந்த நகலில் பாட்டியைப் பிள்ளைகளின் குடும்பத்தோடு இணைத்திடுக. இப்பொழுது குடும்பத்தில் ஐவர். இன்னும் மூவருக்கு இடமுண்டு. சித்தப்பாவையோ நெருங்கிய தோழியையோ சேர்த்துக்கொள்ளலாம். பின்னர் எண்மரையும் ஒரே குடும்பமாக நூலகத்தில் வைத்துப் புதிய உலகில் இறக்குக. இறக்கிய பின், பாட்டியை மீண்டும் அடுத்த வீட்டில் தனிக் குடும்பமாகக் குடியமர்த்தலாம். உறவு அறாது. ஒரே மூட்டையில் வந்தவர்கள் பிரிந்து வாழ்ந்தாலும் ஒருவரையொருவர் அறிவர்.

எட்டுப் பேருக்கு மேற்பட்ட சுற்றம் உடையோர்க்கு இவ்வழி போதாது. அவர்கள் பழைய உலகிலேயே தொடர்ந்து விளையாடுவதோ, பின்வருமாறு உலகம் முழுவதையும் பெயர்ப்பதோதான் வழி.

உலகம் முழுவதையும் பெயர்த்தல்

பழைய கணினி பழுதாகும் நிலையில் உள்ளது. வேறு கணினி கிடைத்துள்ளது. அப்போது குடும்பத்தை மட்டுமன்று, சேமிப்பையே படி எடுத்துச் செல்லலாம். விளையாட்டை மூடிவிட்டு, கணினியின் டாகுமெண்ட்ஸ் பகுதியில் எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் என்னும் கோப்புறையைத் திறக்க. அதனுள் தி சிம்ஸ் 4 என்னும் கோப்புறை இருக்கும். அதில் மூன்றனைக் கவனிக்க. ‘சேவ்ஸ்’ என்பதில் சேமிப்புகள் உள்ளன. ‘டிரே’ என்பதில் நூலகத்தில் வைத்தவை உள்ளன. ‘மோட்ஸ்’ என்பதில், பிறர் உருவாக்கி நாம் சேர்த்துக்கொண்ட உடை, தலைமுடி, தளவாடம் முதலியவை உள்ளன. மூன்றனையும் பென்டிரைவில் படியெடுத்துப் புதிய கணினியில் அதே இடத்தில் வைக்க வேண்டும். மோட்ஸ் கோப்புறையை விட்டுச் சென்றால் அவ்வுடைகளும் தளவாடங்களும் புதிய கணினியில் தோன்றா.

சேமிப்புக் கோப்புகள் ‘ஸ்லாட்’ என்ற சொல்லோடும் ஓர் எண்ணோடும் அமைந்தவை. இரண்டு கணினிகளிலும் ஒரே எண்ணுடைய கோப்பு இருந்தால், ஒன்று மற்றொன்றை அழித்துவிடும். தங்கையின் கணினியில் அவளது உலகம் அவ்வாறு அழிந்துவிடலாகாது. படியெடுக்கும் முன் எண்ணை ஒப்பிட்டு, வேண்டுமாயின் அங்கே இல்லாத வேறோர் எண்ணை இடுக. விளையாட்டும் முந்தைய நிலைகளை ஐந்து வரை தானே காத்து வைக்கின்றது. தவறுதலாகச் சேமித்துவிட்டால் அவற்றிலிருந்து மீட்கலாம். ஆயினும் வேறோர் இடத்தில் உள்ள படியே உறுதியான காப்பு.

நகல் வேறு, மூலம் வேறு

நூலகத்தில் வைப்பது நகலே. பழைய உலகில் அக்குடும்பம் அப்படியே இருக்கும். அன்று முதல் ஒரே பெயருடைய இரு குடும்பங்கள் இரு உலகங்களில் தனித்தனியே வாழத் தொடங்கும். புதிய உலகில் மகன் வளர்ந்து மருத்துவனாகலாம். பழைய உலகில் அவன் இன்னும் சிறுவனே. மருத்துவனானவனைத் திரும்பப் பழைய உலகில் இறக்கினால், அச்சிறுவன் வளர்ந்துவிடமாட்டான். ஒரே பெயரில் இருவர் இருப்பர். வந்தவனை அவ்வூர் உறவினர் எவரும் அறியார். ஆதலின், எந்த உலகில் தொடர்ந்து வாழப் போகின்றோம் என்பதை முதலிலேயே முடிவு செய்து கொள்க.

பெற்றோர்க்கு ஒரு வேண்டுகோள்: பல மாதங்கள் பேணிய குடும்பம் மறைந்துவிட்டதென்று பிள்ளை அழுதால் நகையாட வேண்டா. அப்பிள்ளை இழந்தது பொம்மையை மட்டும் அன்று. தான் செலுத்திய உழைப்பையும் அன்பையும் ஆகும். அருகில் அமர்ந்து, படி எடுத்து வைத்தாயா என்று கேளுங்கள். அடுத்த முறை அப்பிள்ளை முன்கூட்டியே எடுத்து வைக்கும்.

மாணவர்களே, பொருளைப் பெயர்ப்பது எளிது. உறவைப் பெயர்ப்பதற்கு முன்யோசனை வேண்டும். மூட்டை கட்டும் முன், யார் யார் உடன் வரவேண்டும் என்று எண்ணிப் பாருங்கள்.

பயிற்சி

1. நூலகத்தில் வைக்கத்தக்க மூவகை யாவை?
2. தனியே கொண்டுவரப்பட்ட பாட்டியைப் பேரப்பிள்ளைகள் அறியாதது ஏன்?
3. உன் குடும்பத்தாரும் சுற்றத்தாரும் எத்தனை பேர்? அவர்களுள் எண்மரை மட்டும் உடன் அழைத்துச் செல்லலாம் எனில் யார் யாரை அழைப்பாய்? காரணத்துடன் பத்து வரிகளில் எழுதுக.