ஆறு இருந்தால்தான் படகு – மெட்ராஸ் போட் கிளப்பும் நம்ம ஏரித் தண்ணியும்



ஆண்டு மலரில் விளையாட்டுக் கட்டுரை என்றாலே கிரிக்கெட்தான் என்று ஆகிவிட்டது. நான் துடுப்புப் படகுப் போட்டியைப் பற்றி எழுத வந்திருக்கிறேன். "அதுக்கும் நமக்கும் என்னப்பா சம்பந்தம்?" என்று பக்கத்தைத் திருப்பிவிடாதீர்கள். மெக்கானிக்கல்காரனுக்கும் இதில் பாடம் இருக்கிறது, சிவில்காரனுக்கும் இருக்கிறது.

மறைமலை நகர் ஸ்டேஷனில் பீச் வண்டி ஏறினால், கிண்டியைத் தாண்டி சைதாப்பேட்டை வருவதற்குள் ஓர் ஆற்றைக் கடக்கிறோம். அதுதான் அடையாறு. பக்கத்திலேயே மவுண்ட் ரோடு போகும் பாலத்துக்கு மறைமலை அடிகள் பெயர். நம்ம ஊருக்கும் அவர் பெயர்தான். அந்த இடத்திலிருந்து ஆற்றோடு கொஞ்ச தூரம் கிழக்கே போனால், கோட்டூர்புரத்துக்கு எதிர்க்கரையில் மெட்ராஸ் போட் கிளப் இருக்கிறது. அந்தப் பக்கம் 'போட் கிளப் ரோடு' என்று ஒரு பணக்காரத் தெரு உண்டல்லவா, அந்தப் பெயர் இந்தக் கிளப்பால் வந்ததுதான்.

கிளப் தொடங்கிய வருடம் 1867. கல்கத்தா ரோயிங் கிளப் 1858, கொழும்பு ரோயிங் கிளப் 1864. ஆக இந்தப் பக்கத்தில் மூன்றாவது பெரியண்ணன் என்று வைத்துக்கொள்ளலாம். ஐரோப்பாக் கண்டத்தை எடுத்துக்கொண்டால், ஜெர்மனியின் ஹாம்பர்க் நகரில் 1836-லேயே ஒரு கிளப் வந்துவிட்டது. எங்கெல்லாம் ஆங்கிலேய வியாபாரிகள் துறைமுகத்தில் குடியேறினார்களோ அங்கெல்லாம் இந்த விளையாட்டும் கூடவே போனது. நம்ம ஊரிலும் வெள்ளைக்காரர்கள்தான் ஆரம்பித்தார்கள். கட்டுமரமும் தோணியும் ஆயிரம் வருஷமாக ஓட்டிய ஜனங்களுக்குத் துடுப்புப் போட யாரும் கற்றுத்தர வேண்டியதில்லை என்பது வேறு விஷயம்!

1898-ல் சென்னைக்கும் கொழும்புக்கும் இடையே ஒரு போட்டி தொடங்கியது. ஒரு தடவை அடையாற்றில், ஒரு தடவை கொழும்பு பெய்ரா ஏரியில் என்று மாறி மாறி நடக்கும். நடுவில் தடைப்பட்ட வருடங்களும் உண்டு. ஆனாலும் அறுந்துபோகாமல் மறுபடி மறுபடி முடிச்சுப் போட்டுத் தொடர்ந்திருக்கிறார்கள். பின்னாளில் பெண்களுக்கான பந்தயங்களும் சேர்ந்தன. இரண்டு நாடுகளுக்கு இடையே எத்தனையோ கசப்பு வந்த காலத்திலும் இப்படி ஒரு கயிறு இருந்தது என்பதே எனக்குப் பெரிய சாதனையாகப் படுகிறது. கப் யார் ஜெயித்தார்கள் என்பது அப்புறம்தான்.

இப்போது மெக்கானிக்கல்காரர்களுக்கு. படகில் உட்கார்ந்து துடுப்பை இழுக்கிறவன் முதுகைத்தான் போகும் திசைக்குக் காட்டுகிறான். இருக்கை தண்டவாளம் மாதிரி ஒரு பட்டையில் முன்னும் பின்னும் உருளும். அதனால் கை மட்டுமல்ல, தொடையின் பலமும் சேர்கிறது. பார்த்தால் கை வேலை, உண்மையில் கால் வேலை.

துடுப்பு ஒரு நெம்புகோல். ஆதாரப்புள்ளி எது என்று கேட்டால் பத்தில் ஒன்பது பேர், படகின் ஓரத்தில் துடுப்பைத் தாங்கும் முளை என்பார்கள். கரையில் நின்று பாருங்கள். தண்ணீரில் இறங்கிய அலகு கிட்டத்தட்ட அதே இடத்தில் நிற்கிறது. முளையும் படகும்தான் நகர்ந்து போகின்றன. அப்படியானால் ஆதாரம் தண்ணீரில், சுமை நடுவில், விசை கைப்பிடியில். இரண்டாம் வகை நெம்புகோல்.

துடுப்பு 3.75 மீட்டர், அதில் முளைக்கு உள்பக்கம் 1.15 மீட்டர், வெளிப்பக்கம் 2.60 மீட்டர் என்று வைத்துக்கொள்வோம். ஒருவன் 300 நியூட்டன் விசையில் இழுக்கிறான், அதாவது சுமார் 30 கிலோவைத் தூக்குகிற மாதிரி. முளையில் முன்னோக்கிக் கிடைப்பது 300 × 3.75 ÷ 2.60, அதாவது ஏறக்குறைய 433 நியூட்டன். ஆஹா, லாபம் என்று குதிக்க வேண்டாம். அவன் இழுக்கும்போதே காலால் படகைப் பின்னோக்கி 300 நியூட்டன் உதைக்கிறான். கழித்தால் மிச்சம் 133 தான். நியூட்டனின் மூன்றாம் விதி யாரையும் சும்மா விடாது.

இன்னொரு கணக்கும் உண்டு. தண்ணீரின் எதிர்ப்பு வேகத்தின் வர்க்கத்தோடு ஏறுகிறது. தேவையான திறன் வேகத்தின் கனத்தோடு ஏறுகிறது. நீங்கள் இரண்டு மடங்கு திறன் போட்டாலும் வேகம் 26 சதவீதம்தான் கூடும். அதனால்தான் இந்த விளையாட்டில் ஒரு பலசாலி மட்டும் இருந்து பிரயோஜனம் இல்லை. எட்டுப் பேரும் ஒரே நொடியில் அலகை இறக்க வேண்டும்.

இதைப் பாடமாகவே நடத்திக் காட்டியவர் ஜெர்மனியின் கார்ல் ஆடம். ராட்செபர்க் என்ற சின்ன ஏரிக்கரை ஊரில் பள்ளிக்கூட வாத்தியார். கணக்கும் இயற்பியலும் எடுப்பார். தான் துடுப்பு வீரராக இருந்தவர் அல்ல, குத்துச்சண்டைக்காரர்! அந்த ஊர்க் கிளப் 1953-ல்தான் தொடங்கியது. பழைய பழக்கத்தை அப்படியே பின்பற்றாமல், ஓட்டக்காரர்கள் செய்வது போல வேகமாகக் கொஞ்சம், மெதுவாகக் கொஞ்சம் என்று மாற்றி மாற்றிப் பயிற்சி கொடுத்தார். அலகை அகலமாக்கிய புதுத் துடுப்பை அவருடைய ஆட்கள் 1959-ல் பிரான்சின் மாக்கோன் நகரப் போட்டியில் இறக்கினார்கள். அந்த அலகுக்கு இன்றும் மாக்கோன் என்றே பெயர். அகலம் கூடினால் தண்ணீரில் வழுக்கல் குறையும், அவ்வளவுதான் சூட்சுமம். அடுத்த வருடம், 1960 ரோம் ஒலிம்பிக்கில், ராட்செபர்க்கும் கீல் நகரக் கிளப்பும் சேர்ந்த எட்டுப்பேர் படகு தங்கம் வென்றது. 1920 முதல் 1956 வரை தொடர்ந்து எட்டு ஒலிம்பிக்கில் அந்தப் போட்டியை விட்டுக்கொடுக்காத அமெரிக்காவுக்கு அதுதான் முற்றுப்புள்ளி. 1964-ல் வெள்ளி, 1968-ல் மறுபடி தங்கம். 2017-ல் போலந்தின் போஸ்னான் நகரில் ஜெர்மன் எட்டு 2000 மீட்டரை 5 நிமிடம் 18.68 நொடியில் கடந்தது. மணிக்கு 22.6 கிலோமீட்டர் வருகிறது, நீங்களே போட்டுப் பாருங்கள்.

நம்ம நாட்டுக் கதை கிளப்பை விட்டுப் பட்டாளத்துக்குள் போய்விட்டது. 2010 குவாங்சோ ஆசியப் போட்டியில் துடுப்பில் இந்தியாவின் முதல் தங்கம் வாங்கிய பஜ்ரங் லால் தாக்கர், ராஜஸ்தான்காரர், ராணுவ வீரர். 2018-ல் நால்வர் படகில் தங்கம் வாங்கிய அணியில் இருந்த தத்து போகனாள், நாசிக் பக்கம் வறட்சி கிராமத்தில் கிணறு வெட்டும் குடும்பத்துப் பிள்ளை. பட்டாளத்தில் சேர்ந்த பிறகே துடுப்பைப் பிடித்தவர். தண்ணீர் இல்லாத ஊரிலிருந்து வந்தவர்கள் ஜெயிக்கிறார்கள். படகு விலையும் கிளப் சந்தாவும்தான் மற்றவர்களைத் தடுக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. உடம்பு பலமோ ஆசையோ நம்மிடம் குறைவில்லை.

இனி சிவில்காரர்கள் கவனிக்க. 1982 டெல்லி ஆசியப் போட்டியின் துடுப்புப் பந்தயங்கள் டெல்லியில் நடக்கவில்லை. ஜெய்ப்பூர் பக்கத்து ராம்கர் ஏரியில் நடந்தன. ஆசியாவே வந்து படகு விட்ட அந்த ஏரி பிறகு வறண்டு போனது. நீர் வரும் வழிகளில் ஆக்கிரமிப்பும் தடுப்பணைகளும் எழும்பியதுதான் முக்கியக் காரணமாகச் சொல்லப்பட்டு, வழக்கு நீதிமன்றம் வரை போனது. கிளப்போ கோப்பையோ அதைக் காப்பாற்றவில்லை.

அடையாற்றின் நிலைமை வேறு மாதிரி. முகத்துவாரத்தில் மணல் திட்டு அடைத்துக்கொள்கிறது, வழியெல்லாம் சாக்கடை கலக்கிறது. அந்த நாற்றத்தின் நடுவில்தான் பயிற்சி. மழைக்காலத்தில் நேர்மாறு. 2015 டிசம்பரில் முடிச்சூரும் வரதராஜபுரமும் மூழ்கியது நினைவிருக்கும். அந்த வெள்ளம் பாய்ந்த வழி இதே ஆறுதான். செம்பரம்பாக்கம் உபரியை எல்லோரும் பேசினார்கள். ஆனால் அது வந்து சேர்வது திருநீர்மலைப் பக்கம், முடிச்சூருக்குக் கீழே. முடிச்சூருக்கு வந்த தண்ணீர் நம்ம பக்கத்து ஏரிகளின் தண்ணீர். கூடுவாஞ்சேரி நந்திவரம் ஏரி நிரம்பினால் கலங்கல் வழியே ஊரப்பாக்கம், மண்ணிவாக்கம், ஆதனூர் என்று இறங்கி அடையாற்றில் சேர்கிறது. அந்தக் கால்வாய் எங்கே அகலம், எங்கே வீட்டுச் சுவரோடு ஒட்டி ஒரு முழமாகச் சுருங்குகிறது என்று லெவல் கருவியும் ஸ்டாஃபும் எடுத்துப் போய்ப் பார்த்தால், இரண்டாம் வருட சர்வே பிராக்டிகலுக்கு அதைவிட நல்ல இடம் கிடைக்காது. ஆதனூரிலிருந்து போட் கிளப் படித்துறை வரை ஆறு சுமார் 40 கிலோமீட்டர். நம்ம பக்கம் அடைக்கிற ஒவ்வொரு மடைக்கும் அங்கே படகு இறக்குகிற பையனுக்கும் கணக்கு உண்டு.