பரணில் வைக்காத தீப்பந்தம்

எங்கள் வீடு வீவக அடுக்குமாடிக் கட்டடம் ஒன்றின் பதினோராம் மாடியில் இருக்கிறது. சுவர், கூரை, மின்விளக்கு, கதவுப் பூட்டு எல்லாம் நாங்கள் பிறப்பதற்கு முன்பே தயாராக இருந்தன. வீட்டை எங்கே கட்டுவது, எதைக் கொண்டு கட்டுவது, இருட்டுவதற்குள் எந்த வேலையை முதலில் முடிப்பது என்று நானோ என் தம்பியோ ஒருநாளும் யோசித்ததில்லை. சென்ற ஆண்டு டிசம்பர் விடுமுறையில்தான் முதன்முறையாக யோசித்தோம். யோசிக்க வைத்தது மைன்கிராஃப்ட் என்னும் கணினி விளையாட்டு.

சுவீடன் நாட்டைச் சேர்ந்த மார்க்கஸ் பெர்சன் உருவாக்கிய இந்த விளையாட்டு 2009ஆம் ஆண்டு மே மாதம் முதன்முதலில் மக்கள் கைக்கு வந்தது. முழுமையான பதிப்பு 2011 நவம்பரில் வெளியானது. அதில் மண், மரம், மலை, மேகம் எல்லாமே சதுரம் சதுரமாகத்தான் இருக்கும். ‘இவ்வளவு பெரிய நிறுவனத்திற்கு ஒரு வட்டம் வரையத் தெரியாதா?’ என்று முதல் நாள் நான் சிரித்தேன். ஆனால், அந்தச் சதுரங்களில்தான் விளையாட்டின் உயிரே இருக்கிறது. உலகம் முழுவதும் கனசதுரக் கட்டைகளால் ஆனது. பெரும்பாலான கட்டைகளைப் பெயர்க்கலாம். பெயர்த்ததை வேறோர் இடத்தில் வைக்கலாம்.

ஒரு கட்டையின் பக்கம் ஒரு மீட்டர். இந்தக் கணக்கு விளையாட்டுக்கு வெளியேயும் பயன்பட்டிருக்கிறது. 2012ஆம் ஆண்டில் ஐக்கிய நாடுகளின் குடியிருப்புத் திட்டமும் மைன்கிராஃப்ட் நிறுவனமும் சேர்ந்து ஒரு முயற்சியைத் தொடங்கின. கென்யாவின் நைரோபி நகரிலுள்ள கிபேரா குடியிருப்பு மக்கள், தங்கள் பொது இடம் எப்படி இருக்க வேண்டும் என்பதை இந்தக் கட்டைகளை வைத்தே காட்டினார்கள். கட்டட வரைபடத்தைப் படிக்கத் தெரியாதவர்கூட ஒரு கட்டையைத் தூக்கி, “இங்கே வேண்டும்” என்று வைத்துவிடலாம் அல்லவா?

விளையாட்டில் ‘உயிர்பிழைக்கும் முறை’ என்று ஒரு பிரிவு உண்டு. நாம் வெறுங்கையுடன் ஓரிடத்தில் நிற்போம். கையில் கருவி இல்லை. தலைக்கு மேல் கூரை இல்லை. சூரியன் நகர்ந்துகொண்டே இருக்கும். அந்த உலகில் ஒரு முழு நாள் என்பது நம் கடிகாரத்தில் 20 நிமிடங்கள். அதில் பகல் 10 நிமிடம், இரவு 7 நிமிடம். மிச்சம் விடியலுக்கும் அந்திக்கும். எங்களுக்கு அம்மா அனுமதித்த நேரம் நாளுக்கு 40 நிமிடங்கள். அதாவது, சரியாக இரண்டு நாள் வாழ்க்கை.

முதல் நாளை வீணடித்தோம். தொடக்கநிலை நான்கில் படிக்கும் தம்பி, ஆடுகளின் பின்னால் ஓடினான். உயர்நிலை மூன்றில் படிக்கும் நானாவது பொறுப்பாக இருந்தேனா என்றால் அதுவும் இல்லை. கடற்கரை மணலில் கட்டைகளை அடுக்கி, எட்டு அறைகள் கொண்ட மாளிகைக்கு எல்லை போட்டுக்கொண்டிருந்தேன். வானம் ஆரஞ்சு நிறமாகி, கறுத்தது. பின்னாலிருந்து முனகல் ஒலி கேட்டது. திரும்பிப் பார்த்தால், பச்சைத் தோலுடன் ஒரு நடைப்பிணம்! சில நொடிகளில் இருவரும் இறந்துபோனோம். மாளிகைக்குச் சுவரே எழவில்லை.

மறுநாள்தான் வேலைகளுக்கு ஒரு வரிசை உண்டு என்பது எங்களுக்குப் புரிந்தது. முதலில் மரம் வெட்ட வேண்டும். ஒரு மரத்துண்டிலிருந்து நான்கு பலகைகள் கிடைக்கும். நான்கு பலகைகள் சேர்ந்தால் ஒரு வேலைமேசை. அந்த மேசையில் மரப் பிக்காசு செய்யலாம்; பிக்காசு இருந்தால்தான் கல்லை உடைத்து எடுக்க முடியும். எட்டுக் கற்களை அடுக்கினால் ஓர் உலை. நிலக்கரி அகப்படாவிட்டாலும் கவலையில்லை. மரத்துண்டை உலையில் எரித்தால் அடுப்புக்கரி கிடைக்கும். ஒரு கரியும் ஒரு குச்சியும் சேர்ந்து நான்கு தீப்பந்தங்கள் ஆகும். இவ்வளவையும் முதல் பத்து நிமிடங்களுக்குள் செய்துவிட வேண்டும். அதனால், முதல் இரவுக்கு வீடு கட்டும் எண்ணமே கூடாது. குன்றின் பக்கவாட்டில் மூன்று கட்டை ஆழத்துக்குக் குடைந்து, உள்ளே புகுந்து, வாயிலை மண்ணால் அடைத்து, ஒரு தீப்பந்தத்தை ஏற்றி வைத்தால் போதும். பார்க்க எலி வளை போலத்தான் இருக்கும். ஆனாலும், அந்த ஏழு நிமிடங்கள் வெளியே முனகலைக் கேட்டுக்கொண்டு, உள்ளே உயிரோடு உட்கார்ந்திருந்தபோது எங்களுக்குக் கிடைத்த மகிழ்ச்சி இருக்கிறதே, அது அந்த எட்டு அறை மாளிகையில்கூடக் கிடைத்திருக்காது.

வளையில் ஒரு வாரம் கழித்தோம். பிறகு, குன்றின் மேல் உண்மையான வீடு கட்டத் தொடங்கினோம். இடத்தைத் தம்பிதான் தேர்ந்தெடுத்தான். அங்கிருந்து ஆறும் காடும் தெரிந்தன. சுரங்கத்துக்கு இறங்கும் வழி ஏறத்தாழ நாற்பது கட்டை தூரத்தில் இருந்தது. பலகைச் சுவர், கண்ணாடிச் சன்னல், இரண்டு கட்டில்கள். கட்டில் தூங்குவதற்கு மட்டும் அன்று. எந்தக் கட்டிலில் கடைசியாகப் படுத்தோமோ, இறந்தால் அதன் அருகில்தான் மீண்டும் எழுவோம். கட்டில் அழிந்துவிட்டால், விளையாட்டைத் தொடங்கிய இடத்திற்கே போய்விடுவோம்.

தம்பி காட்டில் ஓர் ஓநாய்க்கு எலும்புகளைக் கொடுத்துக் கொடுத்துப் பழக்கினான். பழகிய ஓநாய், கழுத்தில் சிவப்புப் பட்டையுடன் நாயாகிவிட்டது. அதற்கு ‘மணி’ என்று பெயர் வைத்தான். எங்கள் அடுக்குமாடி வீட்டில் நாய் வளர்க்க அம்மா சம்மதிக்கவில்லை. அதனால், மணி அவனுக்கு வெறும் படம் அன்று. ஒவ்வொரு நாளும் விளையாட்டை நிறுத்துமுன் அதைக் கட்டிலின் அருகே உட்கார வைத்து, “நாளைக்கு வருகிறேன்” என்று சொல்லிவிட்டுத்தான் மடிக்கணினியை மூடுவான்.

ஒருநாள் பாட்டி எங்கள் பின்னால் வந்து நின்று, திரையை உற்றுப் பார்த்தார்.

“பலகைச் சுவரில் தீப்பந்தத்தைச் செருகி வைத்திருக்கிறீர்களே, தீப்பிடிக்காதா?” என்று கேட்டார்.

“இந்த விளையாட்டில் தீப்பந்தத்தால் வீடு எரியாது, பாட்டி. எரிமலைக் குழம்பு பக்கத்தில் இருந்தால்தான் ஆபத்து,” என்றான் தம்பி.

“நல்ல ஊர்தான்,” என்று பாட்டி சிரித்தார். பிறகு, நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். அவர் சிறுவயதில் கம்பத்தில், அத்தாப்புக் கூரை வேய்ந்த பலகை வீட்டில் வளர்ந்தவர். 1961 மே 25ஆம் தேதி புக்கிட் ஹோ சுவீயில் தீ மூண்டபோது, எழுந்த புகையைத் தூரத்திலிருந்து பார்த்தவர். அந்தத் தீயில் ஏறத்தாழ 16,000 பேர் வீடிழந்தார்கள். நெருக்கமாகக் கட்டிய பலகை வீடுகளும் காய்ந்த ஓலைக் கூரைகளும் ஒன்றிலிருந்து ஒன்றுக்குத் தீயைக் கடத்திவிட்டன. அதற்கு முந்தைய ஆண்டில்தான் வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் அமைக்கப்பட்டிருந்தது. வீடிழந்தவர்களுக்காக அடுக்குமாடி வீடுகள் வேகமாக எழுந்தன. “அன்று முதல் எங்கள் அம்மா படுக்கப் போகுமுன் அடுப்பையும் விளக்கையும் இரண்டு முறை பார்ப்பார். நானும் பார்க்கிறேன்,” என்றார் பாட்டி. அது எனக்கு நன்றாகத் தெரியும். இன்றும் மின்சார அடுப்பை அணைத்த பிறகு, அவர் ஒருமுறை திரும்பி வந்து பார்ப்பார்.

நான்தான் அப்படிப் பார்க்கவில்லை.

எங்கள் வீட்டின் கூரை கூம்பு வடிவமானது. அறையின் மேல்தளத்திற்கும் கூரைக்கும் நடுவே இரண்டு கட்டை உயரத்தில் ஒரு வெற்றிடம் இருந்தது. பழைய வீடுகளில் இருக்கும் பரண் போன்ற இடம். அதற்கு வழியே வைக்கவில்லை. நான்கு பக்கமும் பலகையால் அடைத்துவிட்டோம். அடைக்குமுன் தம்பி கேட்டான்: “அக்கா, பரணிலும் ஒரு தீப்பந்தம் வைக்கலாமா?”

“அங்கே யார் போகப் போகிறார்கள்? இருப்பதே ஆறு தீப்பந்தம்தான். வீணாக்காதே,” என்றேன்.

விளையாட்டில் வெளிச்சத்துக்கு ஓர் அளவுகோல் உண்டு. சுழியம் முதல் 15 வரை. தீப்பந்தம் இருக்கும் இடத்தில் வெளிச்சம் 14. ஒவ்வொரு கட்டை தள்ளிப் போகும்போதும் ஒன்று குறையும். வெளிச்சம் முற்றிலும் சுழியமான இடத்தில்தான் அரக்கர்கள் தோன்றுவார்கள். அவர்கள் கதவைத் திறந்து வரவேண்டிய அவசியமே இல்லை. இருட்டு இருந்தால், அங்கேயே முளைத்துவிடுவார்கள். சுவர் வெளியே இருப்பவனைத்தான் தடுக்கும்; உள்ளே முளைப்பவனை என்ன செய்யும்? இன்னொரு விதியும் உண்டு. நம்மைச் சுற்றி 24 கட்டை தூரத்துக்குள் அவர்கள் தோன்ற மாட்டார்கள். ஆகவே, நாங்கள் வீட்டில் இருந்தவரை எதுவும் நடக்கவில்லை. சுரங்கத்துக்குப் போன நேரத்தில்தான் பரணில் ஒரு கிரீப்பர் தோன்றியிருக்க வேண்டும்.

கிரீப்பரைப் பற்றிச் சொல்ல வேண்டும். பச்சை உடல், நான்கு குட்டைக் கால்கள், கைகள் கிடையா. பெர்சன் ஒரு பன்றியின் உருவத்தை அமைக்க முயன்றபோது, நீளத்தையும் உயரத்தையும் மாற்றிப் போட்டதால் தற்செயலாகப் பிறந்த உருவம் அது. நடைப்பிணம் முனகும், எலும்புக்கூடு நடந்தால் எலும்பு உரசும் ஓசை கேட்கும். கிரீப்பரிடமிருந்து எந்தச் சத்தமும் வராது. அருகே வந்ததும் ‘உஸ்’ என்று ஒரு சீறல். ஒன்றரை நொடியில் வெடித்துவிடும். வெயில் பட்டால் நடைப்பிணமும் எலும்புக்கூடும் எரிந்துபோகும். கிரீப்பருக்கு வெயிலும் ஒரு பொருட்டன்று.

அன்று நான் சுரங்கத்திலேயே இருந்தேன். தம்பி வீட்டுக்குத் திரும்பி, பரணை மணிக்கு ஓர் அறையாக்கலாம் என்று மேல்தளத்தில் ஒரு பலகையைப் பெயர்த்தான். கிரீப்பர் அந்த ஓட்டை வழியாகக் கட்டில்களுக்கு நடுவே குதித்தது. “அக்கா!” என்று அவன் கத்திய சத்தமும் வெடிச் சத்தமும் ஒன்றாகக் கேட்டன. நான் ஓடி வந்து பார்த்தபோது, பாதிச் சுவர் இல்லை. கட்டில்கள் இல்லை. மணி உட்கார்ந்திருந்த இடத்தில் ஒரு பள்ளம் இருந்தது. கட்டில் அழிந்துபோனதால், தம்பி முதல் நாள் நாங்கள் நின்ற கடற்கரையில் எழுந்தான். அவனுக்கு முன்னால் நான் எல்லை போட்ட மாளிகை அப்படியே கிடந்தது.

“மணி எங்கே எழும்?” என்று கேட்டான்.

“நாய்கள் மீண்டும் எழாது,” என்றேன்.

அவன் மடிக்கணினியை மூடினான். அன்று இன்னும் 11 நிமிடங்கள் மிச்சமிருந்தன. அவற்றை அவன் கேட்கவில்லை. எப்போதும் ஒரு நிமிடத்துக்காகக்கூட அம்மாவிடம் வாதாடுகிறவன்.

‘விளையாட்டுதானே’ என்று சொல்லிவிடலாம். நானும் முதலில் அப்படித்தான் சொல்ல வாயெடுத்தேன். ஆனால், அவன் பரணைப் பற்றிக் கேட்டான் என்பதும், நான் வேண்டாம் என்றேன் என்பதும் விளையாட்டில் நடந்தவை அல்ல. சாப்பாட்டு மேசைக்கு எதிரே, எங்கள் நாற்காலிகளில் உட்கார்ந்து பேசியவை. இரவு படுக்கும்போது, “நீ சொன்னபடி நான் தீப்பந்தம் வைத்திருக்க வேண்டும்,” என்றேன். அவன் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டான்.

இரண்டு நாள்கள் நான் தனியாகவே கட்டினேன். இம்முறை பலகைக்குப் பதிலாகக் கல். வெடிப்பைத் தாங்கும் வலிமை பலகையைவிடக் கல்லுக்கு அதிகம். பள்ளத்தை மட்டும் நான் மூடவில்லை. என்ன செய்வது என்று அவனைத்தான் கேட்க வேண்டும் என்று தோன்றியது. மூன்றாம் நாள் அவன் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தான். எதுவும் பேசவில்லை. பள்ளத்தை மண்ணால் நிரப்பி, அதன் மேல் ஒரு சிவப்புப் பூச்செடியை நட்டான். பிறகு, என் பெட்டியைத் திறந்து, இருந்த தீப்பந்தங்களை எல்லாம் எடுத்துக்கொண்டு மேலே ஏறினான். பரணின் நான்கு மூலைகளிலும் வைத்தான். ஒன்றே போதும் என்று எனக்குத் தெரியும். வாயைத் திறக்கவில்லை.

“இன்னொரு நாய் பழக்கலாமா?” என்று கேட்டேன்.

“வேண்டாம்.”

பின்னால் இருந்த பாட்டி, “அந்தப் பச்சைக்காரன் எதற்குத்தான் பயப்படுவான்?” என்றார்.

தம்பி முதன்முறையாகத் திரும்பினான். “பூனைக்கு, பாட்டி. பூனையைக் கண்டால் ஓடிவிடும்.”

அன்றைய மிச்ச நேரம் முழுவதும் ஆற்றங்கரையில் மீன் பிடித்தோம். ஆற்றுக்கு அப்பாலிருந்த கிராமத்தில் ஒரு சாம்பல் நிறப் பூனைக்கு மீனைக் காட்டிக் காட்டிப் பழக்கி, வீட்டுக்கு அழைத்து வந்தோம். அது உள்ளே நுழைந்ததும் கட்டிலைப் பார்க்கவில்லை, பரணையும் பார்க்கவில்லை. நேராகப் போய் எங்கள் பெட்டியின் மேல் உட்கார்ந்துகொண்டது. பூனை உட்கார்ந்திருந்தால் பெட்டியைத் திறக்க முடியாது. எங்கள் ரொட்டி, கரி, பிக்காசு எல்லாம் அதற்குள்தான்.

“அக்கா, எழுப்பு!”

“உன் பூனை, நீ எழுப்பு!”

தம்பி சிரித்துவிட்டான். சமையலறையிலிருந்து அம்மா, “இன்னும் நான்கு நிமிடம்தான்!” என்று குரல் கொடுத்தார்.