பி.சி.ஆர். கேஸ் என்றால் ஜாமீனே கிடையாதா?

“பி.சி.ஆர். கேஸ் போட்டுட்டாங்களா? அப்ப ஜாமீனே கிடையாதுப்பா.” டீக்கடையில் மட்டுமல்ல, கோர்ட் வளாகத்திலேயே காதில் விழும் பேச்சு இது. இதில் பிழைகள் இரண்டு.

முதல் பிழை பெயரில். பி.சி.ஆர். என்பது குடிமை உரிமைகள் பாதுகாப்புச் சட்டம். 1955இல் தீண்டாமைக் குற்றங்கள் சட்டமாக வந்து, 1976இல் பெயர் மாறியது. இன்று நாம் பேசுவது பெரும்பாலும் 1989இன் எஸ்.சி., எஸ்.டி. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தைப் பற்றி. பழைய பெயர் நாக்கில் ஒட்டிக்கொண்டது. போகட்டும்.

இரண்டாவது பிழைதான் ஆளைக் குழப்புவது. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 18ஆம் பிரிவு தடுப்பது முன்ஜாமீனை மட்டும். கைதான பிறகு சிறப்பு நீதிமன்றத்தில் ஜாமீன் கேட்க எந்தத் தடையும் இல்லை. குற்றம் எவ்வளவு கடுமையானது, வெளியே போனால் சாட்சியை மிரட்டுவாரா, தலைமறைவாகிவிடுவாரா என்று மற்ற வழக்குகளில் பார்ப்பதைத்தான் இங்கும் நீதிபதி பார்க்கிறார். சட்டம் சொல்லும் நாளுக்குள் போலீஸ் குற்றப்பத்திரிகை போடாவிட்டால், கொலை வழக்கில் கைதானவருக்கும் திருட்டு வழக்கில் கைதானவருக்கும் கிடைக்கிற கட்டாய ஜாமீன் இங்கு கைதானவருக்கும் உண்டு.

முன்ஜாமீனை மட்டும் ஏன் மறுத்தார்கள்? 1995இல் மத்தியப் பிரதேச வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் இதற்குப் பதில் சொன்னது: இத்தகைய குற்றம் செய்தவர் வெளியே இருந்தால் பாதிக்கப்பட்டவரை மிரட்டி வழக்கையே நடக்கவிடாமல் செய்ய வாய்ப்பு அதிகம். புகார் கொடுத்தவரும் புகாருக்கு ஆளானவரும் ஒரே ஊர். ஒருவருக்கு நிலமும் ஆள்பலமும், மற்றவருக்கு அந்த நிலத்தில் கூலி வேலை. இதை நேரில் பார்த்தவர்களுக்கு அந்தத் தீர்ப்பைப் படித்துக்காட்ட வேண்டியதில்லை.

“புகார் கொடுத்தாலே பிடிச்சு உள்ளே போட்டுருவாங்க” என்பது அடுத்த பேச்சு. 2018 மார்ச் 20 அன்று உச்ச நீதிமன்றம், கைதுக்கு முன் மேலதிகாரியின் ஒப்புதல், வழக்குக்கு முன் பூர்வாங்க விசாரணை என்று நிபந்தனைகள் விதித்தது. அதை எதிர்த்து ஏப்ரல் 2 அன்று நாடு தழுவிய பந்த். அதே ஆண்டு நாடாளுமன்றம் 18ஏ பிரிவைச் சேர்த்து அவற்றை நீக்கியது. நீக்கியதால் கைது கட்டாயம் என்று பலர் எடுத்துக்கொண்டார்கள். பிரிவைப் பாருங்கள்: தேவைப்பட்டால் கைது செய்ய ஒப்புதல் வேண்டியதில்லை என்கிறது. ‘தேவைப்பட்டால்’ என்ற சொல் அங்கேயே இருக்கிறது.

2020இல் உச்ச நீதிமன்றம் 18ஏ செல்லும் என்றது. கூடவே, புகாரைப் படித்தாலே குற்றத்துக்கு முகாந்திரம் தெரியவில்லை என்றால் முன்ஜாமீன் தடை பொருந்தாது என்றும் சொன்னது. இதை வைத்துக்கொண்டு ‘கதவு திறந்துவிட்டது’ என்று கிளம்பியவர்களும் உண்டு. 2025 செப்டம்பரில் மகாராஷ்டிர வழக்கொன்றில், பம்பாய் உயர் நீதிமன்றம் தந்த முன்ஜாமீனை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. முன்ஜாமீன் கட்டத்திலேயே சாட்சியங்களை எடைபோட்டு ஒரு குட்டி விசாரணை நடத்தக்கூடாது என்பது அதன் சாரம்.

இதுவரை சொன்னதெல்லாம் குற்றம் சாட்டப்பட்டவர் பக்கம். ஜாமீன் பேச்சு எப்போதும் அங்கேயே நின்றுவிடுகிறது என்பதுதான் என் குறை. “ஜாமீன் விஷயம் அரசு வக்கீலுக்கும் எதிர்த்தரப்புக்கும் நடுவில் உள்ளது, நமக்கென்ன” என்று பாதிக்கப்பட்டவர்களே நம்புகிறார்கள். 2016 ஜனவரி 26 முதல் நடைமுறையில் உள்ள 15ஏ பிரிவு நேர்மாறாகச் சொல்கிறது. ஜாமீன் விசாரணை எப்போது என்று பாதிக்கப்பட்டவருக்கு உரிய நேரத்தில் தகவல் தர வேண்டும். அவர் பேச விரும்பினால் கேட்க வேண்டும். 2021இல் ராஜஸ்தான் கொலை வழக்கொன்றில் இறந்தவரின் குடும்பத்துக்கு அந்தத் தகவலே போகவில்லை. உயர் நீதிமன்றம் ஜாமீன் கொடுத்திருந்தது. இந்த உரிமை சடங்கல்ல, கட்டாயம் என்று சொல்லி உச்ச நீதிமன்றம் அந்த ஜாமீனை ரத்து செய்தது.

சிறப்பு நீதிமன்றம் ஜாமீன் கொடுத்தாலும் மறுத்தாலும் உயர் நீதிமன்றத்துக்குப் போவது 14ஏ பிரிவின்படி மேல்முறையீடாகத்தான், பாதிக்கப்பட்டவரும் போகலாம். மேல்முறையீட்டுக்குக் காலம் 90 நாள்.

“ஜாமீன்ல வந்துட்டான், கேஸ் புஸ்ஸு” என்பதற்கு ஒரு வரி போதும்: ஜாமீன் விடுதலை அல்ல, விசாரணை இனிமேல்தான். ஆனால் அவர் திரும்பி வரப்போவது அதே தெருவுக்கு. ஜாமீன் விசாரணையில் பாதிக்கப்பட்டவர் எழுந்து, “அவர் வீட்டைத் தாண்டித்தான் நாங்கள் தண்ணீர் எடுக்கப் போகிறோம்” என்று சொன்னால், ஊருக்குள் நுழையக்கூடாது என்ற நிபந்தனையை விதிக்க நீதிபதிக்குக் காரணம் கிடைக்கும். வழக்குக் கட்டில் அந்தத் தெருவின் வரைபடம் இருக்காது.